பின்னால் நின்ற கடைக்காரருக்கு

போன கிழமை காருக்குக் குளிர்கால டயர் மாற்ற சென்ட் லோரன்டில் இருக்கிற வழக்கமான கராஜுக்குப் போயிருந்தேன். காரை உள்ளே எடுப்பதற்காக இருக்கையைப் பின்னுக்குத் தள்ளிய மெக்கானிக் அடியில் எதையோ கண்டு, "மெஸ்யூ, எலி! செத்த எலி!" என்று பிரெஞ்சில் கத்திக்கொண்டு வெளியே பாய்ந்தார். தடித்த ஆள், கழுத்துவரை பச்சை குத்தியிருந்தார். எலிக்கு இப்படிப் பயப்படுவார் என்று நான் நினைக்கவில்லை. குனிந்து பார்த்தேன். எலி இல்லை, உம்முடைய மீசை.

பசை காய்ந்து, ஒரு பக்கம் தும்பாய்க் கிளம்பிக் கிடந்தது. மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோனேன். ஒட்டுகிற பசையின் அந்தக் காரமான மணம் இன்னும் போகவில்லை. எனக்குத் தெரிந்த அரைகுறைப் பிரெஞ்சில், இது என்னுடைய சிநேகிதரின் மீசை என்று மெக்கானிக்குக்கு விளக்கினேன். சிநேகிதர் இப்போது எங்கே என்று கேட்டார். இறந்துவிட்டார் என்றேன். அதற்குப் பிறகு அந்த மனிதர் என்னோடு ஒரு சொல்லும் பேசாமல் டயரை மாற்றித் தந்தார்.

வீட்டுக்குக் கொண்டுவந்து மனுசியிடம் காட்டினால், "கழுவிக் காயப்போடுங்கோ" என்கிறாள். காயப்போடவில்லை. மேசையில் பக்கத்தில் வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன். உமக்குச் சொல்ல ஒரு செய்தி இருக்கிறது, நீர் போன பிறகு நடந்தது. ஆனால் நான் எதையும் தலையிலிருந்து தொடங்கித்தான் சொல்லுவேன் என்பது உமக்குத் தெரியும். காரில் பக்கத்தில் இருந்து, "விசயத்துக்கு வாரும் காணும்" என்று எத்தனை தரம் கத்தியிருக்கிறீர். இப்போது கத்த முடியாது, இருந்து கேளும்.

லண்டனில், ஈஸ்ட் ஹாமில் நாம் இருவரும் ஒரே அறையில் இருந்த காலத்தில் நீர் கணக்கியல் படிக்க வந்தவர். நான் எதுவும் படிக்க வராதவன். பெற்றோல் நிலையத்தில் மாறி மாறி வேலை செய்தோம். ஒருநாள் தொலைக்காட்சி நாடகக்காரர் வந்து அந்த நிலையத்திலேயே ஒரு காட்சி எடுக்க வேண்டும் என்றார்கள். நல்லவேளை அன்றைக்கு உம்முடைய முறை. கல்லாவில் நின்ற உம்மை அப்படியே நிற்கச் சொன்னார்கள். நீர் அதற்குப் பிறகு முப்பது வருடத்துக்கு மேல் அப்படியே நின்றுவிட்டீர்.

டொக்டராக நின்றீர். பஸ் பரிசோதகராக, டாக்சிக்காரராக, மூலைக்கடைக்காரராக, வைத்தியசாலையில் கட்டில் தள்ளுகிறவராக நின்றீர். ஒருமுறை பேராசிரியர், அதுவும் முதல் காட்சியிலேயே கொலையுண்டு விழுகிற பேராசிரியர். பட்டேல் என்றார்கள், கான் என்றார்கள், சிங் என்று தலைப்பாகையும் கட்டிவிட்டார்கள். ஒரு தமிழ்ப் பெயர் மட்டும் ஒருநாளும் கிடைக்கவில்லை. நான் அதைச் சொல்லி ஏசினால் நீர் சிரிப்பீர். "பாக்கிற சனம் எங்களைப் பாக்கக் கூடாது காணும். ஆனா நாங்கள் இல்லாட்டி என்னவோ குறையுது எண்டு அவைக்குத் தெரிய வேணும்" என்பீர். முன்னால் நிற்கிறவரின் காட்சியைக் களவெடுக்கிற நடிகனைப்போல உமக்கு வெறுப்பான ஆள் வேறு இல்லை.

ஆனால் உமக்கும் ஒரு களவு இருந்தது. கடைக்காரரோ டாக்சிக்காரரோ பின்னால் போனில் கதைத்துக்கொண்டிருக்க வேண்டிய காட்சி வந்தால், இயக்குநர்கள் வசனம் எழுதித் தருவதில்லை. "உன்னுடைய மொழியில் ஏதாவது பேசு" என்று விட்டுவிடுவார்கள். அது எந்த மொழி என்று ஒருவரும் கேட்டதில்லை. நான் கனடாவுக்கு வந்து சேர்ந்த முதல் குளிர்காலம், இங்கே வாடகை வீட்டில் தொலைக்காட்சியில் ஏதோ ஆங்கிலத் துப்பறியும் நாடகம் போய்க்கொண்டிருந்தது. முன்னால் இரண்டு பொலிஸ்காரர் கொலையைப் பற்றிக் கதைக்க, பின்னால் ஒரு டாக்சிக்காரர் போனில், "என்ன காணும், மொன்ட்ரியால் குளிர் எப்பிடி? உள்ளுக்குக் கம்பளிக் காற்சட்டை போட்டனீரோ?" என்று கேட்டார். நான் கதிரையை விட்டுத் துள்ளி எழும்பினேன். மனுசி தேத்தண்ணியைக் கீழே ஊற்றிவிட்டாள். லண்டனுக்குப் போன் எடுத்து, "போட்டனான், போட்டனான்" என்று கத்தினேன். நீர் மறுமுனையில் விழுந்து விழுந்து சிரித்தீர்.

அதிலிருந்து உம்முடைய ஒவ்வொரு நாடகத்தையும் காதைத் தீட்டிக்கொண்டு பார்த்தேன். அம்மாவுக்கு மருந்து ஒழுங்காகக் குடிக்கச் சொன்னீர். பழைய பள்ளிக்கூட வாத்தியாருக்கு வணக்கம் சொன்னீர். மதுரா பிறந்த வருடம், ஒரு மருந்துக்கடைக்காரராக நின்று, "மகள் பிறந்திருக்கிறாள், அவளுக்கு என்ர மூக்கு இல்லை, கடவுள் இருக்கிறார்" என்று உலகத்துக்கே அறிவித்தீர். திரையின் அடியில், கடைக்காரர் வேற்று மொழியில் பேசுகிறார் என்று எழுத்துப் போகும்.

பிறகு வந்த வருடங்களைப் பற்றி எழுதக் கை கூசுகிறது. ஆனால் எழுதாமல் செய்திக்கு வரவும் முடியாது. உம்முடைய மனுசி செல்வி வைத்தியசாலையில் இருந்தபோது நீர் ஸ்கொட்லாந்தில் படப்பிடிப்பில் நின்றீர். டொக்டர் வேடம், இரண்டு வசனம். செல்விக்குச் சுகம் வருகிறது என்று வைத்தியர்கள் சொல்லித்தான் உம்மை அனுப்பினார்கள். மதுரா காலையில் போன் எடுத்து, "அப்பா, உடன வாங்கோ" என்றாள். உம்முடைய காட்சி மத்தியானம். நீர் போனால் அவ்வளவு பேருடைய நாளும் பாழ். முடித்துவிட்டுப் பின்னேர ரயிலில் வருகிறேன் என்றீர். ரயில் லண்டனுக்கு வருமுன் செல்வி போய்விட்டாள். "ரெண்டு வசனத்துக்காக" என்று மதுரா சொன்னாள். அதற்குப் பிறகு அவள் உம்மோடு கதைக்கவில்லை.

நீர் லண்டனில் இருக்க முடியாமல் இங்கே மொன்ட்ரியாலில், பியர்பொன்ட்ஸில் உம்முடைய அக்கா வீட்டுக்கு வந்து சேர்ந்தீர். இங்கும் உம்மைச் சும்மா இருக்க விடவில்லை. மொன்ட்ரியால் தெருக்களை நியூயோர்க் என்றும் லண்டன் என்றும் காட்டிப் படம் எடுக்கிறவர்களுக்கு, லண்டன் ஆங்கிலம் பேசுகிற, தலை நரைத்த பழுப்பு மனிதர் ஒருவர் வேண்டியிருந்தது. உமக்குக் கார் ஓட்டத் தெரியாது. நான் தொழிற்சாலையிலிருந்து ஓய்வு பெற்றுச் சும்மா இருந்தேன். பியர்பொன்ட்ஸிலிருந்து பஸ்ஸில் வெளிக்கிட்டால் நியூயோர்க் வந்து சேர மத்தியானம் ஆகிவிடும் என்று பகிடி விட்டபடி, நானே உம்மை ஏற்றி இறக்கத் தொடங்கினேன். அப்படித்தான் என் கார் உம்முடைய உடைமாற்றும் அறையாகவும் ஆனது.

தமிழ்க் கடைக்குப் போனால் இன்னொரு கூத்து. முகம் எல்லாருக்கும் தெரியும், எங்கே என்றுதான் தெரியாது. "உங்களை எங்கையோ கண்டிருக்கிறன் அண்ணை. பாஸ்போட் ஒபிசிலை இருந்தனீங்களே?" என்று ஒருவர் கேட்பார். ஒரு அம்மா, நீர் தன் மச்சாளின் சம்பந்தி என்று அடித்துச் சொன்னார். நீர் இல்லை என்று சொல்ல வேண்டுமா இல்லையா? "ஓம், எப்பிடி எல்லாரும் சுகமே?" என்று கேட்டு, அவருடைய முழங்கால் நோவு முழுவதையும் நின்று கேட்டீர். வெளியே வந்து நான் ஏசினேன். "அந்த மனுசி சந்தோசமாப் போகுது. உமக்கென்ன காணும் எரியுது?" என்றீர். எனக்கு ஒன்றும் எரியவில்லை. யாருக்கும் சம்பந்தியாக நிற்க உமக்கு முடிந்தது, உம்முடைய பிள்ளைக்கு முன்னால் மட்டும் எப்படி நிற்பது என்று தெரியவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அந்தப் பேச்சை எடுத்தாலே வாதாடுவீர். "நான் பிழை செய்யேல்லை. அவ நல்லா வருவா எண்டுதானே சொன்னவை? நான் வேலையிலை நிண்டனான், குடிச்சுப்போட்டுக் கிடந்தனானே?" என்பீர். மெட்ரோபொலிட்டன் நெடுஞ்சாலையில் வாகன நெரிசலில் நின்றபடி எத்தனையோ தரம் அதே வழக்கு, அதே சாட்சி, நீதிபதியும் நீரே. மதுராவுக்குப் போன் எடுப்பீர், அவள் எடுக்க மாட்டாள். செய்தி விடச் சொல்லி ஒரு குரல் கேட்கும். நீர் ஒன்றும் சொல்லாமல் வைத்துவிடுவீர்.

உம்முடைய இருதயம் களைத்துவிட்டது என்று வைத்தியர் சொன்ன பிறகுதான் அந்தக் கடைசி வேடம் வந்தது. மொன்ட்ரியால்-நோரில் மூடிக்கிடந்த ஒரு தெப்பனர் கடையை நியூயோர்க் மூலைக்கடையாக மாற்றியிருந்தார்கள். முன்னால் கதாநாயகனும் கதாநாயகியும் பிரிகிற சண்டை. பின்னால் கடைக்காரர் போனில் கதைக்கிறார். காரில் போகும்போது நீர் கண்ணாடியைப் பார்த்து மீசையை ஒட்டினீர். பிறகு, "இண்டைக்கு மதுராவோட கதைக்கப்போறன்" என்றீர்.

"நேரை போன் எடுத்துச் சொல்லும். அவள் எடுக்காட்டி அந்தக் குரலுக்கெண்டாலும் சொல்லும்" என்றேன்.

"வேசம் இல்லாமல் வாயைத் திறந்தா எனக்கு வாதாடத்தான் வருது காணும்."

"அப்ப மன்னிச்சுக்கொள் எண்டு சொல்லும்."

"கடைக்காரன் போனிலை அழுது மன்னிப்புக் கேட்டா முன்னுக்கு நிக்கிற பிள்ளையளின்ர காட்சி என்ன ஆகிறது? சனம் என்னையெல்லோ பாக்கும்."

உயிர் போகிற காரியத்திலும் தொழில் சுத்தம் பார்க்கிற உம்மை என்ன செய்வது.

கடையில் சாமான் வாங்குகிறவராக நிற்க வேண்டிய ஒருவர் அன்று வரவில்லை. உதவி இயக்குநர் சுற்றிப் பார்த்தார். வாசலில் நின்ற என்னைப் பிடித்துக் கையில் ஒரு பாண் ரொட்டியைத் தந்து, கமராவுக்கு முதுகைக் காட்டி நிறுத்தினார். அப்படித்தான் நான் நடிகனானேன். உமக்கு எதிரே, கையெட்டும் தூரத்தில் நின்றேன். பின்னால் அந்த இரண்டு பேரும் சண்டை தொடங்கினார்கள். நீர் போனைத் தோளுக்கும் காதுக்கும் இடையில் இடுக்கி, கல்லாவில் சில்லறையை அடுக்கிக்கொண்டு, விலை விசாரிக்கிற குரலில் தொடங்கினீர்.

"ஹலோ. ஓம், கடையிலைதான் நிக்கிறன். ஆக்கள் நிக்கினம், சுருக்கமாச் சொல்லுறன். நீ சொன்னது சரி, பிள்ளை. அண்டைக்கு நான் வந்திருக்க வேணும். வேலை எனக்காக நிண்டிருக்கும். அம்மா என்னைத் தேடியிருப்பா. நீ தனிய நிண்டிருப்பாய். சரி, பால் முடிஞ்சுது, வைக்கிறன்."

நான் கையில் இருந்த பாணை நசுக்கிவிட்டேன். புதுப் பாண் கொண்டுவந்து தந்தார்கள். கதாநாயகனுக்குச் சண்டை சரிவரவில்லை, திரும்பத் திரும்ப எடுத்தார்கள். நீர் ஒவ்வொரு தரமும் அதே சொற்களை, அதே குரலில், அதே சில்லறையை அடுக்கியபடி சொன்னீர். ஒரு தரம்கூடக் குரல் கம்மவில்லை. கேட்டுக்கொண்டு நின்ற எனக்குத்தான் மூக்கு ஓடியது, நல்லவேளை முதுகுக்கு மூக்கில்லை. முடிந்ததும் இயக்குநர் பெண் உம்மிடம் வந்து, மிக இயல்பாக இருந்தது, என்ன பேசினீர்கள் என்று கேட்டார். "பாலுக்கு ஓடர் குடுத்தனான்" என்று ஆங்கிலத்தில் சொன்னீர்.

படம் வருவதற்குள் நீர் போய்விட்டீர். மதுரா லண்டனிலிருந்து வந்தாள். செய்ய வேண்டிய எல்லாவற்றையும் ஒழுங்காகச் செய்தாள், ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. விமான நிலையத்துக்கு நான்தான் ஏற்றிப் போனேன். "பிள்ளை, அப்பான்ர கடைசிப் படம் வந்தா ஒருக்காப் பார்" என்றேன்.

"அப்பா ஆருக்கோ டொக்டரா நிண்டதைப் பாத்தது போதும், அங்கிள்" என்றாள். அவள் பிழையாகச் சொன்னாள் என்று எனக்குச் சொல்ல வரவில்லை. நீர் பேசியதை என் வாயால் சொல்வதா, படம் வந்து நீரே சொல்வதா என்று யோசித்தேன். நீரே சொன்னால்தான் அவள் நம்புவாள் என்று பேசாமல் விட்டேன்.

இந்த இலையுதிர்காலத்தில் படம் வந்தது. மனுசியும் நானும் முதல் நாளே போனோம். கடை வந்தது, சண்டை வந்தது, பின்னால் நீர் வந்தீர், போனை இடுக்கினீர். அந்த இடத்தில் பியானோவும் வயலினும் போட்டு நிரப்பிவிட்டார்கள். கதாநாயகியின் அழுகை கேட்கிறது, உம்முடைய வாய் மட்டும் அசைகிறது. "அறுவாங்கள், பாட்டுப் போட்டிட்டாங்கள்!" என்று நான் அரங்கில் உரக்கச் சொல்லிவிட்டேன். மனுசி கிள்ளினாள். நீர் ஆயுளில் ஒரே ஒரு தரம் மதுரா சொன்னது சரி என்று ஒத்துக்கொண்டதைக் கேட்டது ஒரு பாணும் நானும் மட்டும்தான்.

இனித்தான் செய்தி. போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், சமையலறையில் மீன் வெட்டிக்கொண்டிருந்தேன். போன் வந்தது. என் கை மீன் கை என்பதால் மனுசி போனைச் சத்தமாக வைத்துப் பக்கத்தில் பிடித்தாள்.

"அங்கிள், மதுரா கதைக்கிறன். அப்பான்ர படம் பாத்தனான்."

மீனை விட்டுவிட்டுக் காதைப் போனுக்குக் கிட்டக் கொண்டுபோனேன்.

"கடைக்காரர் வேற்று மொழியில் பேசுகிறார் எண்டு மட்டும்தான் கீழ போடுறாங்கள். மியூசிக்தான் கேக்குது. ஆனா ஒரு இடத்தில வாய் 'பிள்ளை' எண்டு போகுது, அங்கிள். வீட்டிலை கம்பியூட்டரிலை போட்டு நிப்பாட்டி நிப்பாட்டிப் பாத்தனான். என்னை மட்டும்தான் அவர் அப்பிடிக் கூப்பிடுறவர். உங்கட முதுகையும் கண்டனான், பாணோட நிக்கிறீங்கள். அப்பா என்ன சொன்னவர்?"

கையைக் கழுவிக்கொண்டு வந்தேன். முதலில் நான் அதைத் துக்கமாகச் சொல்லத் தொடங்கினேன், கோயிலில் வாசிக்கிற மாதிரி. "நீ சொன்னது சரி" என்றதோடு நிறுத்திவிட்டேன். சரிதான், இது அப்படிச் சொல்லுகிற வசனம் இல்லை. தண்ணீர் குடித்துவிட்டு, போனைத் தோளில் இடுக்கி, மேசையில் கிடந்த மீன் துண்டுகளை அடுக்கத் தொடங்கினேன். ஹலோ, ஓம், கடையிலைதான் நிக்கிறன் என்று ஆரம்பித்து, பால் முடிஞ்சுது வைக்கிறன் என்பதுவரைக்கும் ஒரே குரலில் சொல்லி முடித்தேன். நடிக்கவில்லை. கேட்டபடி சொன்னேன்.

பிறகு அவள், "உண்மையா பால் முடிஞ்சுதோ, அங்கிள்?" என்றாள்.

"இல்லைப் பிள்ளை. அந்தக் கடையிலை முதலே பால் இல்லை. எல்லாம் வெறும் பெட்டி."

அவள் சிரித்தாள். உம்முடைய அதே சிரிப்பு, மூச்சை உள்ளே இழுத்துக்கொண்டு வருகிறது. அது பாதியில் அழுகையாகிவிட்டது. அன்றைக்கு உம்முடைய பெட்டிக்குப் பக்கத்தில் வராத அழுகை எல்லாம் என் சமையலறைக்கு வந்தது. மனுசி மீன் வெட்டுகிற கத்தியை மட்டும் தூக்கி அப்பால் வைத்தாள்.

"இன்னொருக்காச் சொல்லுங்கோ" என்றாள் மதுரா. சொன்னேன். "மெல்லச் சொல்லுங்கோ" என்றாள். துண்டு துண்டாகச் சொன்னேன், அவள் பின்னால் சொன்னாள். எத்தனையோ வருடமாக உம்மோடு கதைக்காத வாய், "வந்திருக்க வேணும்" என்ற இடத்தில் நின்று நின்று போனது. "அம்மா என்னைத் தேடியிருப்பா" என்ற இடத்தை இரண்டு தரம் சொல்லச் சொன்னாள். மாத்திரை போட்டேனா இல்லையா என்பதே எனக்கு இப்போது மறந்துபோகிறது, ஆனால் உம்முடைய இந்தச் சொற்களில் ஒன்றுகூடத் தப்பவில்லை. இது எனக்குள் மட்டும் இருந்து, என்னோடு போய்விடுமோ என்பதுதான் இவ்வளவு நாளும் என் பயம்.

கடைசியில் அவள், "இப்ப நான் தனியச் சொல்லுறன், பிழை இருந்தாச் சொல்லுங்கோ" என்றாள். ஹலோ என்று தொடங்கினாள். எந்த இடத்திலும் தடக்கவில்லை. அழவில்லை. விலை விசாரிக்கிற உம்முடைய அதே குரல். பால் முடிஞ்சுது, வைக்கிறன் என்றாள். சொன்னபடியே போனை வைத்துவிட்டாள்.